குறுக்குக்கட்டிலிருந்து வெள்ளைச் சீருடை வரை
(நூற்றாண்டு விழாவில் ஆற்றிய உரை)



‘பெண்களின் உடையும் மாறிவரும் நிலையும்’ என்று தலைப்புத் தந்திருக்கிறீர்கள். வைத்தியரிடம் சேலைக் கதை கேட்பது புதினந்தான்.

எங்கள் அம்மம்மாமார் வீட்டிலும் கிணற்றடியிலும் குறுக்குக்கட்டோடு நின்றவர்கள். கோயிலுக்கோ சபைக்கோ என்றால்தான் சேலை. 1931இல் இலங்கையில் 21 வயது நிரம்பிய பெண்களுக்கு வாக்குரிமை கிடைத்தது. ஆனால் யாழ்ப்பாண வாலிப காங்கிரசின் பகிஷ்கரிப்பால் அவ்வாண்டு ஊர்காவற்றுறைத் தொகுதிக்கு ஒருவரும் வேட்புமனுக் கொடுக்கவில்லை. இறுப்பிட்டிப் பெண் வாக்குப் போடச் சேலை உடுத்துப் புறப்பட 1934 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. பகிஷ்கரிக்கும் முன் அவளை யார் கேட்டார்கள்?

அடுத்த பெரிய மாற்றத்தைச் செய்தது சைக்கிள். 1990இல் பொருளாதாரத் தடை வந்து பெற்றோல் அற்றுப்போயிற்று. 1991இல் தீவை விட்டு இடம்பெயர்ந்த குமர்ப்பிள்ளைகள் யாழ்ப்பாணத்து ஒழுங்கைகளில் சைக்கிள் மிதித்தார்கள். தாவணியும் நீளப் பாவாடையும் செயினுக்குள் சிக்கும். பஞ்சாபி உடுப்பு நாகரிகத்துக்காக மட்டும் வரவில்லை.

இனி நான் சொல்ல வந்த விஷயம். 1993இல் இலவசச் சீருடைத் திட்டம் வந்தபின் இல்லாத வீட்டுப் பிள்ளைக்கும் அதே வெள்ளை கிடைத்தது. நல்ல காரியம். ஆனால் மாதத்தில் சில நாள் அந்த வெள்ளையே பிள்ளைகளுக்குப் பயம். கறை படுமோ என்று கதிரையை விட்டு எழும்பமாட்டார்கள். தண்ணீர் குடிக்கமாட்டார்கள். காலையில் வைத்த நப்கினோடு பள்ளி விடும்வரை இருப்பார்கள். சிலர் வரவே மாட்டார்கள். சலக்கடுப்போடு என்னிடம் வரும் மாணவிகளைக் கேட்டால், மலசலகூடக் கதவுக்குக் கொண்டி இல்லை, உள்ளே தண்ணீர் இல்லை என்கிறார்கள். புங்குடுதீவில் நல்ல தண்ணீரின் அருமையை நான் உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

2024இல் அரசு வசதி குறைந்த பள்ளி மாணவிகளுக்கு நப்கின் வாங்க 1,200 ரூபா வவுச்சர் கொடுக்க முன்வந்தது. மாற்ற இடம் இல்லாவிட்டால் வாங்கி என்ன செய்வது?

லண்டன், பாரிஸ், ரொறன்ரோவிலிருந்து வந்திருக்கும் அக்காமாரே, நூற்றாண்டு வளைவு பிறகு கட்டலாம். முதலில் உள்ளே பூட்டக்கூடிய நான்கு மலசலகூடம், ஒரு மழைநீர்த் தாங்கி, மூடியுள்ள வாளிகள், நப்கின் வைக்க ஒரு அலுமாரி. அதிபர் அவர்களே, உள்பாவாடையையாவது கடும் நிறத்தில் போட விடுங்கள். ரிபன் நிறம் எத்தனை தரம் மாறிவிட்டது!

அலுமாரிக்கு முதல் வருட நப்கின் என் பொறுப்பு.