பந்து திறந்த வாயில்

(இளையரசனேந்தலில் நிகழ்ந்த கூட்டத்தில் ஆற்றப்பெற்ற உரை)



இவ்வூருக்கு அணித்தே உள்ள கோவிற்பட்டியின் வளைகோற்பந்து நாடறிந்தது. திடலில் இறங்கும் இளைஞனை ‘நீ யார் மகன்?’ என்று பந்து வினவுவதில்லை, ‘ஆடத் தெரியுமா?’ என்றே வினவும். பிழைப்பு நாடிக் கடல் கடந்தோர்க்கும் இவ்வாறு ஒரு வாயில் திறந்தது. அதன் அகலம் எவ்வளவு என்பதே இன்றைய உரைப்பொருள்.

மலேசியக் காடு திருத்தி இரப்பர் வளர்த்தவை தமிழர் கைகள். கூலியென்று இகழப்பட்ட அவ்வினம் காற்பந்துத் திடலில் தலைநிமிர்ந்தது. 1972-இல் மியூனிக்கு ஒலிம்பிக்கில் மலேசிய அணியின் தலைவர் சந்திரன் என்னும் தமிழர். அவர்க்குப்பின் புகழ் பெற்றவர் இலக்குக் காவலர் ஆறுமுகம். நீண்ட கைகளால் பந்தை மறித்த அவரைச் ‘சிலந்தி மாந்தன்’ என்றே மக்கள் அழைத்தனர். 1980-இல் கோலாலம்பூரில் தென்கொரியாவை 2-1 என வென்று மாசுக்கோ ஒலிம்பிக்குக்கு அவ்வணி தகுதி பெற்றது. ஆப்கானித்தான் படையெடுப்பைக் கண்டித்து மலேசியா அங்குச் செல்லவில்லை. எனினும் வெற்றி நிலைத்தது. மலாயரோடும், சீனராகிய சோ சின் ஆனோடும், சீக்கியராகிய சந்தோக்கு சிங்கோடும் தோளொடு தோள் நின்றார் ஆறுமுகம். அதற்கென அவர் பெயரை மாற்றினாரா? இல்லை! 1988-இல் ஊர்தி நேர்ச்சியில் மறையும் வரை ஆறுமுகம் ஆறுமுகமாகவே வாழ்ந்தார்.

ஆயின், திடலுக்கு வெளியே நிகழ்ந்தது என்ன? தோட்டங்கள் துண்டாடப்பட்டு விற்கப்பட்டபோது, தலைமுறை தலைமுறையாக உழைத்த குடும்பங்கள் குடியிருப்பையும் கோயிலையும் இழந்து பெயர்ந்தன. கைதட்டல் அவர்களுக்குக் கூரையாகவில்லை.

நியூசிலாந்திலும் இதுவே கதை. சாமோவா வழிவந்த பிரையன் வில்லியம்சு 1970-இல் அந்நாட்டு இரக்பி அணியில் ஆடிப் புகழ் கொண்டார். அதே பத்தாண்டில், தங்கும் காலம் கடந்தோரைத் தேடுவதாகக் கூறி, பசிபிக்குத் தீவினர் வீட்டுக் கதவுகளை வைகறையில் காவலர் தட்டினர். திடலில் வீரர், தெருவில் அயலார்! அக்கொடுமைக்கு அந்நாட்டரசு மன்னிப்புக் கேட்டது 2021-இல்தான்.

பெருமக்களே! விளையாட்டு வாயிலைத் திறக்கும். வீட்டைத் தருவது உரிமையே. பெயரையும் தாய்மொழியையும் வாயிற்படியில் கழற்றி வைக்கச் சொல்லும் இணக்கம் இணக்கமன்று, விழுங்குதல். புலம்பெயர்ந்த தமிழர் ஆடட்டும், வெல்லட்டும். பிள்ளைகளுக்குத் தமிழ்ப்பெயர் சூட்டித் தமிழ் கற்பிக்கட்டும். உழைத்த மண்ணில் உரிமை கேட்கட்டும்.

அங்கே நயன்மை கேட்கும் தமிழன் இங்கே அதனை வழங்க வேண்டாவா? திடலில் பந்து கேளாத ‘நீ யார் மகன்?’ என்னும் வினாவை இந்த ஊர்த் தெருக்களும் கேளாதொழியட்டும்!

வாழ்க தமிழ்!