வாயிற்காவலர் பாடினார்

நியூயார்க் நகரத்திலே, மாடமாளிகை ஒன்றின் வாயிலிலே, சீருடை அணிந்து ஒருவர் நிற்கிறார். சீமான் வருகிறார், கதவைத் திறக்கிறார். சீமாட்டி போகிறார், கதவைத் திறக்கிறார். போவோர் வருவோரில் எத்தனை பேர் அறிவர், அந்தக் காவலரின் நெஞ்சிலே ஐந்நூறு பாடல்கள் குடியிருந்தன என்பதை!

ஜோ ஹீனி என்பது அவர் பெயர். தாய்மொழியிலே ஷோசவ் ஓ ஹேனி. 1919-ஆம் ஆண்டு, அயர்லாந்தின் மேற்குக் கரையிலே, கன்னமாராப் பகுதியில் கார்னா வட்டாரத்துச் சிற்றூரிலே பிறந்தார். கல்லும் கடலும் சூழ்ந்த மண். விளைச்சல் குறைவு, பாட்டு அதிகம்!

அந்தப் பாட்டைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டும். ‘ஷான் நோஸ்’ என்பர். பழைய முறை என்று பொருள். யாழில்லை, குழலில்லை, தாளமில்லை. தனிக் குரல் ஒன்றே, சொல்லை வளைத்து, நெளித்து, நெஞ்சிலே இறக்கும். உருக்கம் மிகும்போது, கேட்போர் ஒருவர் பாடுபவரின் கையைப் பற்றி மெல்லச் சுழற்றுவார். பாட்டின் கடைசிச் சொற்களைப் பாடாமல், பேச்சாகச் சொல்லி முடிப்பதும் உண்டு. மேடையேறிப் பேசிப் பிழைக்கும் எனக்கு அந்த வழக்கத்தின்மீது தனிப் பொறாமை!

1845-இல் உருளைக்கிழங்கு அழுகியது. பஞ்சத்திலே பத்து இலட்சம் பேர் மாண்டனர். ஏறத்தாழ அதே அளவினர் கப்பலேறினர். ஐரிஷ் மொழி பேசிய ஏழைகள் நிறைந்த மேற்குப் பகுதிக்கே பேரிடி. மாண்டவரோடு மொழியும் மண்ணுக்குள் போயிற்று. எஞ்சியதை ஏட்டிலே அல்ல, அடுப்பங்கரையிலே, பாட்டிலே காத்தனர் குடியானவர். அந்தச் செல்வத்தைத் தந்தையிடமும் ஊராரிடமும் பெற்றார் ஹீனி.

விடுதலை வந்தது. 1937-ஆம் ஆண்டு அரசியல் சட்டம், ஐரிஷ் மொழியே முதல் ஆட்சிமொழி என்றது. ஏட்டிலே அரியாசனம்! ஆனால் அந்த மொழியைப் பேசிய இளைஞனுக்கு ஊரிலே வேலை உண்டா? இல்லை. மொழிக்கு முடி சூட்டிய கைகள், மொழியாளனுக்குக் கஞ்சி வார்க்கவில்லை.

1942-இல் ஐரிஷ் மொழி விழாவான ‘இரக்டஸ்’ போட்டியிலே பரிசு; 1955-இல் தங்கப் பதக்கம். பதக்கத்தைக் கடித்தால் பசி தீருமா? ஸ்காட்லாந்து, சௌத்தாம்ப்டன், லண்டன் எனக் கூலி தேடி அலைந்தார்; கட்டட வேலை செய்தார். ஸ்காட்லாந்திலே மணந்த மனைவியையும் மக்களையும் பெரும்பாலும் பிரிந்தே வாழ்ந்தார். குறையை மறைத்துப் புகழ் பாட நான் வரவில்லை, தோழர்களே!

1965-இல் அமெரிக்காவின் நியூபோர்ட் நாட்டுப்பாடல் விழாவிலே பாடினார். பின்னர் அந்நாட்டிலேயே தங்கினார். கிடைத்ததுதான் அந்த வாயிற்காவல்! இதற்கிடையே, அவரிடம் கற்ற வேடிக்கைப் பாட்டு ஒன்றை 1967-இல் ‘டப்ளினர்ஸ்’ குழுவினர் இசைத்தட்டிலே வெளியிட்டனர். அயர்லாந்து வானொலி தடை விதித்தது. பிரிட்டனிலோ விற்பனைப் பட்டியலில் ஏழாம் இடம்! அவர்கள் கொடி பறந்தது. பாட்டு தந்தவர் கதவு திறந்து கொண்டிருந்தார்.

கடைசியில் கண்டுகொண்டது யார்? டப்ளின் அல்ல. அமெரிக்கப் பல்கலைக் கழகங்கள்! வெஸ்லியனிலும், சியாட்டிலிலுள்ள வாஷிங்டன் பல்கலைக் கழகத்திலும் ஆசானானார். பட்டம் பெற வந்தோர், பட்டமில்லாதவர் காலடியிலே பாட்டுப் பயின்றனர். 1982-இல் அமெரிக்க அரசின் தேசிய மரபுக் கலைஞர் விருது, அது தொடங்கிய முதலாண்டிலேயே அவருக்குக் கிடைத்தது. இரண்டே ஆண்டு! நுரையீரல் நோய் மூச்சைப் பறித்தது. 1984 மே முதல் நாள், சியாட்டிலிலே மறைந்தார்.

உடலை ஊருக்குக் கொண்டு வந்தனர். கார்னா மண்ணிலேயே அடக்கம். பின்னர் அவர் பெயராலேயே அங்கு பாட்டு விழா எடுத்தனர். அடுப்பங்கரையிலே அவர் கேட்ட பாடல்களை, துணைக்கருவி ஏதுமின்றி, இளையோர் எழுந்து நின்று பாடினர்.