ஓய்வூதியம் பிச்சையல்ல!
(வாலிபர்கள், வியாபாரிகள் கூட்டத்தில் ஆற்றிய உரையிலிருந்து)

 

நமது மஹல்லாவில் ஒரு பெரியவர். பல்கலைக்கழகமொன்றில் முப்பதாண்டுகள் எழுத்தராக உழைத்தவர். ஓய்வு பெற்றபின், "தணிக்கை ஆட்சேபணை, முன்பு சம்பளம் கூடுதலாகக் கொடுத்துவிட்டோம்" என்று பணிக்கொடையில் கைவைத்துவிட்டார்கள். அவரோ, "அல்லாஹ் பார்த்துக்கொள்வான் தம்பி" என்கிறார். ஒட்டகத்தைக் கட்டிவிட்டல்லவா தவக்கல் வைக்க வேண்டும்?

1982 டிசம்பரில் நகரா வழக்கில் உச்சநீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள், ஓய்வூதியம் எஜமானன் மனமிரங்கிக் கொடுக்கும் கொடையல்ல, செய்த வேலைக்குரிய உரிமை என்று தீர்ப்பளித்தார்கள். 2014ல் ரஃபீக் மஸீஹ் வழக்கில், ஊழியர் ஏமாற்றாமல் நிர்வாகத்தின் பிழையால் போன கூடுதல் பணத்தை, ஓய்வு பெற்றவரிடம் பிடிக்கக் கூடாது என்றது அதே நீதிமன்றம். ஆனால் கவனம்! "கூடுதலானால் திருப்பித் தருவேன்" என்று முன்பே கையெழுத்திட்டிருந்தால் சிக்கல்தான். 2016ல் அப்படிப்பட்ட ஒருவருக்கு எதிராகவே தீர்ப்பு வந்தது. ஆகவே எந்தத் தாளையும் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

வியாபாரிப் பெருமக்களே, உங்களுக்கும் ஒரு வார்த்தை. பத்துப் பேர் வேலை செய்யும் கடையில் ஐந்தாண்டு உழைத்துவிட்டு விலகுபவருக்கு, ஆண்டுக்குப் பதினைந்து நாள் சம்பளம் பணிக்கொடையாகச் சட்டப்படி உண்டு. ஜகாத்தை அதில் கழித்துக்கொள்ளலாமா என்று ஒருவர் கேட்டார். கூடாது! கடன் வேறு, ஜகாத் வேறு. வேலை வாங்கிக்கொண்டு கூலி கொடுக்காதவனுக்கு எதிராக மறுமையில் அல்லாஹ்வே வழக்காடுவான் என நபிகள் நாயகம் (ஸல்) எச்சரித்திருக்கிறார்கள்.

வாலிபர்களே! அந்தப் பெரியவரின் பணிப்பதிவேட்டு நகல், ஓய்வு ஆணை, பிடித்தம் பற்றிய கடிதம் மூன்றையும் வரும் ஜும்ஆவுக்குள் திரட்டுங்கள். வக்கீலிடம் நான் கூட வருகிறேன்.