உடைந்த ஓட்டுக்குள் ஒரு மாயக்கல்

மாயக் கதைகளில் ஒரு கல் தவறாமல் வரும். இருட்டுக் குகையில் நீலமாகவோ பச்சையாகவோ சுடர்விட்டுக்கொண்டு கிடக்கும். கையில் எடுத்தவனுக்கு இல்லாத சக்தியெல்லாம் வந்துவிடும். பிள்ளைகள் கைப்பேசியில் ஆடும் விளையாட்டுகளிலும் அதே கல்தான். நம் பாட்டிமார் கதையில் அதற்குப் பெயர் நாகமணி. நாகமணியைப் பார்த்தவர் யாருமில்லை. ஆனால் இருட்டில் ஒளிவிடும் கனிமம் மெய்யாகவே உண்டு. அதற்காக ஏழு கடல் தாண்ட வேண்டியதில்லை. விருத்தாசலத்தில் கடைக்கால் தோண்டும்போது மண்வெட்டியில் தட்டுப்படுகிற பழைய பானை ஓடு போதும்.

ஊர்க்காரர்கள் சிரிப்பீர்கள். அகல்விளக்கு, கொலு பொம்மை, ஃபியூஸ் கேரியர் என்று பீங்கானிலேயே பிழைக்கிற ஊர் இது. உடைந்த ஓட்டுக்கு இங்கே என்ன மதிப்பு?

களிமண்ணில் பொடிப்பொடியாகக் குவார்ட்ஸும் ஃபெல்ட்ஸ்பாரும் கலந்திருக்கும். செராமிக் தொழிலில் இருப்பவர்களுக்கு இரண்டும் பழகிய பெயர்கள். மண்ணில் எங்கும் மிக நுண்ணிய அளவில் யுரேனியமும் தோரியமும் பொட்டாசியமும் உண்டு. அவற்றிலிருந்து இடைவிடாமல் கதிர்வீச்சு வந்துகொண்டிருக்கும். பயப்பட வேண்டாம், உலகம் தோன்றிய நாள்முதல் இருப்பதுதான். அந்தக் கதிர்கள் குவார்ட்ஸ் மணிக்குள் இருக்கும் எலெக்ட்ரான்களைத் தட்டிவிடுகின்றன. தட்டுண்ட சில, படிகத்தில் இருக்கும் குறைகளில் போய்ச் சிக்கிக்கொள்கின்றன. ஆயிரம் ஆண்டானாலும் அங்கேயே கிடக்கும். அந்த மணியைச் சுமார் 500 டிகிரி வரை சூடாக்கினால் சிக்கியவை விடுபட்டு, விடுபடும்போது ஒளியை உமிழும். கண்ணுக்கு எட்டாத மங்கல் ஒளி, கருவிக்குத்தான் தெரியும். வெப்ப ஒளிர்வு என்று இதைச் சொல்கிறார்கள்.

கண்ணுக்குத் தெரிந்த ஒளியும் உண்டு. 1663இல் ராபர்ட் பாயில் என்ற விஞ்ஞானி, இரவல் வாங்கிய ஒரு வைரத்தைப் படுக்கைக்கு எடுத்துப்போய்த் தம் வெற்றுடம்பில் சூடு உள்ள இடத்தில் வைத்து, இருட்டில் அது மினுக்கியதைப் பார்த்து எழுதிவைத்தார். அந்தக் காலத்து வைரம் பெரும்பாலும் நம் நாட்டுச் சுரங்கங்களிலிருந்து போனதுதான்.

இந்த ஒளியில் என்ன மாயம் என்றால், அது காலம் சொல்லும். சூளையின் வெப்பம் 500 டிகிரியைத் தாண்டும்போது, பழைய கணக்கு முழுதும் அழிந்துபோகிறது. நேற்று சூளையிலிருந்து இறக்கிய கோப்பையில் ஒன்றும் இராது. அன்றிலிருந்து மறுபடி ஆண்டுக்கு இவ்வளவு என்று சேரத் தொடங்கும். சேர்ந்திருப்பதை அளந்து, ஓர் ஆண்டுக்கான அளவால் வகுத்தால் பானை சுடப்பட்ட காலம் வந்துவிடும். நம் ஊர்ப் பழமலைநாதர் கோயில் கதை நினைவிருக்கிறதா? விபசித்து முனிவர் திருப்பணி செய்தவர்களுக்கு வன்னி மரத்து இலையைக் கூலியாகக் கொடுக்க, அவரவர் உழைப்புக்குத் தக்கபடி அது பொன்னானது என்பார்கள். குவார்ட்ஸ் மணியும் அப்படித்தான், வாங்கிய கதிருக்குத் தக்க ஒளி.

இதைக் கொண்டு காலம் கணிக்கலாம் என்று 1953இல் ஃபாரிங்டன் டேனியல்ஸ் என்ற அமெரிக்க வேதியியலாளர் தம் தோழர்களோடு சேர்ந்து சொன்னார். பின்னால், சூட்டுக்குப் பதில் ஒளியைப் பாய்ச்சியே எலெக்ட்ரான்களை விடுவிக்கும் முறையும் வந்தது. 2025 ஜனவரியில் தமிழக அரசு வெளியிட்ட ‘இரும்பின் தொன்மை’ அறிக்கைக்காகச் சிவகளை அகழாய்வில் கிடைத்த ஓடுகள் இந்த ஒளிமுறைச் சோதனைக்கு ஆமதாபாத் இயற்பியல் ஆய்வுக்கூடம் வரை போயின. காலம் கணிக்க உதவும் கரித்துண்டு கிடைக்காத குழியிலும் ஓடு கிடைக்கும் என்பது இம்முறையின் பெரிய வசதி.

ஆனால் சுடாத கல்லிடம் இந்தக் கேள்வியைக் கேட்க முடியாது. நம் கோயிலிலிருந்து களவுபோன அர்த்தநாரீசுவரர் ஆஸ்திரேலியாவின் சிட்னியில் ஒரு கலைக்கூடத்தில் நின்றாரே, 2014இல் திரும்பி வந்தாரே, அவருக்குச் சாட்சி சொன்னது புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்திலிருந்த பழைய புகைப்படம். எல்லா வேலையையும் ஒரே மாயக்கல் செய்துவிடாது. கதையில் மட்டும்தான் செய்யும்.

பட்டறைக்காரர்களுக்கு இன்னொரு செய்தி. பொம்மை வார்க்கும் அச்சு எதில் செய்கிறீர்கள்? பிளாஸ்டர் ஆஃப் பாரிஸில். வேதியியலில் அது கால்சியம் சல்பேட். அதே கால்சியம் சல்பேட்டில் டிஸ்ப்ரோசியம் என்ற தனிமத்தைத் துளி சேர்த்து வில்லையாக்கி, கல்பாக்கம் அணுமின் நிலைய ஊழியர்களும் மருத்துவமனை எக்ஸ்ரே பிரிவில் வேலை பார்ப்பவர்களும் சட்டையில் அட்டையாக மாட்டிக்கொள்கிறார்கள். மூன்று மாதத்துக்கு ஒருமுறை எக்ஸ்ரே பிரிவு அட்டைகளைச் சூடாக்கிப் பார்ப்பார்கள். வரும் ஒளியே, மாட்டியிருந்தவர் உடம்பில் பட்ட கதிரின் அளவைச் சொல்லும். உயிரைக் காக்கிற மணி என்று நாகமணியைச் சொன்னதற்கு, இதைவிடக் கிட்டத்தில் வேறொன்றும் எனக்குத் தோன்றவில்லை.

பானை ஓட்டுக்கே திரும்புவோம். வீட்டுக்கடைக்கால் தோண்டும்போது பழைய ஓடோ தாழியோ தென்பட்டால், கழுவாதீர்கள், வெயிலில் காயப்போடாதீர்கள். வெயில் பட்டால் மேற்புறத்துக் கணக்கு அழியும். அதைச் சுற்றியுள்ள மண்ணும் வேண்டும், ஆண்டுக்கு எவ்வளவு கதிர் வந்தது என்று அந்த மண்தான் சொல்லும். ஆகவே தோண்டி எடுக்காமல், கிடந்த இடத்திலேயே மண்ணைப் போட்டு மூடிவிட்டு, தாசில்தார் அலுவலகத்துக்கோ தொல்லியல் துறைக்கோ தகவல் சொல்லுங்கள். மற்றதை அவர்கள் பார்த்துக்கொள்வார்கள்.