அரிதாரம் கலையாத வேடம்



நோர்வே என்றதும் இலக்கிய அன்பர்களாகிய நமக்கு இப்சனின் நினைவே முதலில் வரும். அந்த நாட்டின் மேடையிலும் திரையிலும் புகழோடு விளங்கி, பின்னர் பழிச்சொல்லைச் சுமந்து மறைந்த ஒரு நடிகையைப் பற்றியே இன்று பேச விரும்புகிறேன். அவர் பெயர் சோன்யா வீகெர்ட்.

1913ஆம் ஆண்டு நோட்டொடன் என்னும் ஊரிலே பிறந்த சோன்யா, முப்பதுகளில் நடிப்புலகில் நுழைந்தார். நோர்வேயிலும் அயல்நாடான சுவீடனிலும் ரசிகர்கள் அவரை விரும்பினர்.

1940 ஏப்ரல் 9ஆம் திகதி ஜேர்மன் படைகள் நோர்வேயினுள் புகுந்தன. ஹிட்லரின் ஆணையாளராக ஜோசப் டெர்போவன் ஒஸ்லோவில் அமர்ந்தார். கலைஞர்களும் தம் வசப்பட வேண்டும் என்பது ஆட்சியாளரின் எண்ணம். ஆனால், அவர்களது பிடியில் இருந்த வானொலியில் நடிக்க நடிகர்கள் மறுத்தனர். மறுத்தோரில் சிலரது தொழில் அனுமதி பறிக்கப்பட்டது. உடனே, 1941 மே மாதத்தில் நாடக அரங்குகளில் வேலைநிறுத்தம் மூண்டது. ஐந்து வாரங்கள் நீடித்தது. அடுத்த ஆண்டு ஒக்டோபரில், துரொன்ஹெய்ம் நகர நாடக அரங்கின் தலைவர் ஹென்றி கிளெடிச் சுட்டுக் கொல்லப்பட்டார். வானொலியின் முன் அமர்ந்து பேசும் எனக்கு, 'பேசமாட்டோம்' என்று மறுத்த அந்தக் குரல்கள் மீது தனி மதிப்பு உண்டு.

சோன்யாவுக்கு வாய்த்ததோ வேறொரு பாத்திரம். நடுநிலை நாடான சுவீடனின் இரகசியப் புலனாய்வுப் பிரிவு அவரது உதவியை நாடியது. டெர்போவனின் நம்பிக்கையைப் பெற வேண்டும். அங்கு அறிவதை ஸ்டொக்ஹோமுக்குச் சொல்ல வேண்டும். அவர் இணங்கினார். ஜேர்மனியர் சிறைவைத்திருந்த தம் தந்தையின் விடுதலையையும் அந்த நெருக்கத்தினாலேயே பெற்றார். ஜேர்மனியருக்காக உளவு பார்ப்பதாக அவர்களிடம் ஒப்புக்கொண்டு, உண்மையில் சுவீடனுக்கே உழைத்தார்.

மேடையிலே வேடம் கட்டுபவருக்கு ஒரு பாதுகாப்பு உண்டு. திரை விழுந்ததும் அரிதாரத்தைக் கலைத்துவிடலாம். 'அது நடிப்பு' என்று எல்லாரும் அறிவர். சோன்யா கட்டிய வேடத்துக்குத் திரை விழவேயில்லை. ஆணையாளரோடு அவர் பழகியதை ஊர் கண்டது. பழகிய காரணத்தை ஊர் காணவில்லை. நடிப்பு எவ்வளவுக்கு நன்றாக அமைந்ததோ, அவ்வளவுக்குப் பழியும் உறுதியாக ஒட்டிக்கொண்டது.

1945 மே 8ஆம் திகதி டெர்போவன் தற்கொலை செய்துகொண்டார். நாடு விடுதலை அடைந்தது. சோன்யாவுக்கு மட்டும் விடுதலை கிட்டவில்லை. 'எதிரியின் தோழி' என்ற பேச்சு தாய்நாட்டில் அவரைத் தொடர்ந்தது. இறுதிக் காலத்தை ஸ்பெயினில் கழித்து, 1980இல் அங்கேயே காலமானார். அவரைப் பற்றிய சுவீடன் ஆவணங்கள் 2005இலேதான் வெளியாயின. 2019இல் 'ஒற்றர்' என்ற பெயரில் அவரது கதை திரைப்படமாயிற்று. கைதட்டு எழுந்தபோது கேட்பதற்கு அவர் இல்லை.

அவரைப் பழித்த மக்களை நான் குறைகூற மாட்டேன். உற்றாரை இழந்தவர்கள் கண்ணால் கண்டதையே நம்பினார்கள். மறுத்தவர்களின் வீரம் வெளியே தெரிந்தது. அதனால் அவர்களுக்கு மாலை விழுந்தது. இணங்கியவர் போல நடித்தவரின் வீரம் மறைந்திருந்தால்தான் பயன்படும். இந்த இரண்டாவது வீரத்துக்கு எந்தச் சமூகமும் உரிய காலத்தில் நன்றி சொல்வது அரிது.

'கண்ணால் காண்பதும் பொய்' என்று நம் முன்னோர் சொல்லி வைத்தார்கள். ஒருவரைத் துரோகி என்று தீர்ப்பதற்கு ஒரு நொடி போதும். அந்தத் தீர்ப்பைத் திருத்துவதற்கு, சோன்யா விடயத்தில், அறுபது ஆண்டுகள் பிடித்தன.