ஜூரியும் சேரியும்



1997 ஜூன் 30. மதுரை ஆட்சியர் அலுவலகம் போய்விட்டுப் பேருந்தில் ஊர் திரும்பிய மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனும் உடனிருந்த ஐவரும் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். அவர்களை நினைக்கும் இந்த மேடையில், நம் மாணவர்கள் கேட்கும் ஒரு கேள்வியை எடுத்துக்கொள்கிறோம்: ஒற்றை நீதிபதியைவிட, மக்களே உட்கார்ந்து தீர்ப்புச் சொல்லும் ஜூரி முறை மேலல்லவா?

ஜூரி என்பது குடிமக்களிலிருந்து பொறுக்கியெடுத்த குழு. சாட்சியம் கேட்டுக் குற்றவாளியா இல்லையா என்று அது சொல்லும். சட்டத்தை விளக்குவதும், பெரும்பாலும் தண்டனை விதிப்பதும் நீதிபதி. இந்தியாவிலும் இது இருந்தது. 1959இல் நானாவதியைப் பம்பாய் ஜூரி எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில் குற்றமற்றவர் என்றது. நீதிபதி அதை ஏற்காமல் உயர் நீதிமன்றத்துக்கு அனுப்பினார். 1973ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் ஜூரிக்கு இடம் தரப்படவில்லை.

மக்கள் என்றால் யார்? 1955இல் மிசிசிப்பியில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவனைக் கொன்றவர்களை, 12 வெள்ளை ஆண்கள் கொண்ட ஜூரி ஏறக்குறைய ஒரு மணி நேரத்தில் விடுவித்தது. ஊர் வேறு, சேரி வேறு என்றிருக்கும் நம் பக்கத்தில் ஜூரி வந்தால், ஊர்க்கூட்டம்தான் நீதிமன்றத்துக்குள் வந்து உட்காரும்.

ஜூரி இல்லாவிட்டால் நீதி வந்துவிடுமா? 1968இல் கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்டார்கள். வசதிபடைத்த நிலக்கிழார்கள் தாங்களே நேரில் போயிருப்பார்கள் என்பதை நம்ப முடியாது என்று அவர்களை விடுவித்தது உயர் நீதிமன்றம். அங்கே ஜூரி இல்லை, நீதிபதிகள்தான் இருந்தார்கள்.

மேலவளவு வழக்கு மதுரையில் நடக்கவில்லை, சேலத்தில் நடந்தது. 200 கிலோமீட்டருக்கு மேல் போய் நம் மக்கள் கூண்டேறிச் சாட்சி சொன்னார்கள். 2001இல் 17 பேருக்கு ஆயுள் தண்டனை. 2009இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. ஆனால் 2019இல் 13 பேரை அரசு முன்கூட்டியே விடுவித்தது. தீர்ப்போடு வழக்கு முடிவதில்லை.

ஆகவே, தீர்ப்பவர் ஒருவரா பன்னிருவரா என்பதல்ல நம் கேள்வி. சாட்சி பயமில்லாமல் பேச முடிகிறதா, பாதிக்கப்பட்டவர் குரல் கேட்கப்படுகிறதா என்பதே கேள்வி. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 15ஏ பிரிவு, பிணையிலும் பரோலிலும் தண்டனையிலும் நம் தரப்பைக் கேட்கச் சொல்கிறது. விதி 4(5)இன்படி, நாம் விரும்பும் மூத்த வழக்கறிஞரை நியமிக்குமாறு மாவட்ட ஆட்சியரிடம் கேட்கலாம்.

சட்டம் படிக்கும் தம்பி தங்கைகளே, இவற்றை மனுவாக எழுதிக் கொடுங்கள். விசாரணை நாளில் சாட்சியோடு நீதிமன்றம் போங்கள். கூண்டில் நிற்பவர் திரும்பிப் பார்க்கையில் நம் முகங்கள் தெரியட்டும்.

ஜெய்பீம்.