கல்பபேதமும் கள்ளப் பத்திரமும்

(கும்மிடிப்பூண்டி தொழிலாளர் கூட்டத்தில் பேசியதன் சுருக்கம்)



நடந்துபோன ஒன்றை நடக்கவில்லை என்று ஆக்கவும், நடக்காத ஒன்றை நடந்ததாக ஆக்கவும் யாருக்காவது சக்தி உண்டா? சர்வ வல்லமையுள்ள கடவுளுக்கே அது முடியாத காரியம் என்றுதான் நாம் நினைத்திருந்தோம். ஆனால் நமது புராணக்காரர்களுக்கு முடிகிறது. அதைப் பற்றியே இன்று சில வார்த்தைகள் சொல்லப் போகிறோம். நாம் சொல்லுகிறோம் என்பதற்காக நம்ப வேண்டாம். உங்கள் புத்திக்குச் சரியென்று பட்டால் மாத்திரம் எடுத்துக்கொள்ளுங்கள்.

பிள்ளையார் பிறந்த கதையைப் பாருங்கள். பார்வதி தன் உடம்பு அழுக்கைத் திரட்டிச் செய்த பிள்ளை, அதன் தலையைச் சிவன் வெட்டினார் என்கிறது ஒரு புராணம். சனி பார்த்ததால் தலை போயிற்று என்கிறது மற்றொன்று. சிவனும் பார்வதியும் யானை உருவெடுத்துப் பெற்ற பிள்ளை என்கிறது வேறொன்று. ஒரு பிள்ளைக்கு மூன்று பிறப்பு எப்படி ஐயா என்று கேட்டால், பண்டிதர்களிடம் ஒரு பதில் தயாராக இருக்கிறது. அதுதான் கல்பபேதம். ஒரு கல்பம் என்பது 432 கோடி வருஷமாம். அது முடிந்தால் உலகம் அழிந்து மறுபடி உண்டாகுமாம். கல்பத்துக்குக் கல்பம் கதை மாறுமாம். ஆகவே மூன்றும் மெய்யாம்! இந்தச் சமாதானத்தைச் சிவபுராணமே சொல்லுகிறது. காலம் போதாவிட்டால் இடத்துக்கும் பஞ்சமில்லை. கந்தபுராணத்துச் சூரபத்மன் ஆண்டது 1008 அண்டம். ஒரு அண்டத்தில் நடக்காதது இன்னொரு அண்டத்தில் நடந்தது என்றால் யார் போய்ப் பார்ப்பது?

திருவள்ளூர் கோர்ட்டில் ஒரு சாட்சி காலையில் ஒன்றும் மாலையில் ஒன்றும் சொல்லிவிட்டு, "எஜமானே, காலையில் சொன்னது போன கல்பத்தில் நடந்தது" என்றால் நீதிபதி விடுவாரா? கோர்ட்டில் செல்லாத சாட்சி கோயிலில் மட்டும் எப்படிச் செல்லும்?

இது கடவுள்களோடு நிற்கவில்லை. நம் ஜில்லாவிலுள்ள திருவாலங்காட்டுச் செப்பேடுகள், 31 ஏடுகள், 1905-ல் கிடைத்தன. முதலாம் இராசேந்திர சோழன் காலத்தவை. பழையனூர் என்ற கிராமத்தைக் கோயிலுக்கு விட்ட விவரம், எல்லை எது, வரி எவ்வளவு என்பது தமிழில் கணக்காக எழுதியிருக்கிறது. அரசனுடைய வமிசம் சமஸ்கிருதத்தில் இருக்கிறது. அதில் சூரியனுக்கு மனு பிறந்தான், அந்த வழியில் சோழன் வந்தான் என்று போகிறது. நெல் அளக்கிற இடத்தில் பொய் செல்லாது. பெருமை அளக்கிற இடத்தில் சூரியனே பாட்டனாகிவிடுகிறான்!

"உங்கள் ஆராய்ச்சியும் பழைய சரித்திரத்தை மாற்றுகிறதே" என்று சிலர் கேட்கலாம். மாற்றுகிறதுதான். பூண்டிக்குப் பக்கத்தில், கொசஸ்தலையாற்றங்கரையிலுள்ள அத்திரம்பாக்கத்தில், 1863-ல் புரூஸ் பூட், வில்லியம் கிங் என்ற இருவர் ஆதிமனிதனின் கற்கோடரிகளைக் கண்டெடுத்தார்கள். அவற்றின் வயது வெகுகாலம் தெரியவில்லை. பின்னர் சாந்தி பப்பு அம்மையார் குழுவினர் அங்கே அடுக்கடுக்காகத் தோண்டினார்கள். விண்கதிர் பட்டுக் கல்லில் உண்டாகும் சில அணுக்கள், கல் மண்ணுக்குள் புதைந்தபின் கணக்காகத் தேய்ந்துகொண்டே வரும். அந்தத் தேய்வை அளந்து, சுமார் 15 லட்சம் வருஷம் என்று 2011-ல் வெளியிட்டார்கள். அளந்த விதத்தையும் கூடவே வெளியிட்டார்கள். சந்தேகப்படுகிறவன் மறுபடி அளந்து பார்க்கலாம். தப்பென்று தெரிந்தால் பழைய கணக்கு தள்ளப்படும். ஆராய்ச்சிக்காரன் தப்பை ஒத்துக்கொண்டு திருத்துகிறான். புராணக்காரன் தப்பே வராதபடி உலகத்தையே திருத்துகிறான். இதுதான் வித்தியாசம்.

போகட்டும், பிள்ளையார் எப்படிப் பிறந்தால் நமக்கென்ன என்கிறீர்களா? இதே வித்தை உங்கள் தலையிலும் நடக்கிறது தோழர்களே! இந்தப் பக்கத்து ஆலை ஒன்றில் பிரஸ் மெஷினில் கை கொடுத்து, நான்கு விரலை இழந்த ஒரு வாலிபனை நாம் பார்க்கப் போயிருந்தோம். அந்த மெஷினுக்குத் தடுப்பு இல்லை. பதினாறு மணி நேரம் தொடர்ந்து வேலை. காரணம் கண்ணெதிரே இருக்கிறது. ஆனால் அவன் தாயார் சொன்னது என்ன? "போன ஜென்மத்தில் என்ன பாவம் செய்தானோ, சாமி!" என்று அழுதார்கள். அந்த அம்மாளை நாம் குறை சொல்ல மாட்டோம். விரல் போனபிறகு, அதற்குப் பொருத்தமாக ஒரு பழைய ஜென்மத்தை எழுதிச் சேர்க்கும்படி அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர்கள் யார்? அதனால் தப்பித்துக்கொண்டது யார்? தடுப்பு வைக்காதவன் அல்லவா!

முன்ஜென்மம் என்பது நாம் வாங்காத கடனுக்கு, நாம் பார்க்காத காலத்துத் தேதி போட்டு எழுதிய புரோநோட்டு. கீழ்ஜாதி என்று தள்ளப்பட்டவனிடமும், விதவையிடமும், ஏழையிடமும் அதைத்தான் காட்டி வசூலிக்கிறார்கள். நிலத்துக்கு ஒருவன் பழைய தேதியில் பத்திரம் எழுதிக் கொண்டுவந்தால் சும்மா விடுவீர்களா? கையெழுத்து எங்கே, சாட்சி யார் என்று கேட்பீர்கள். கால் காணி நிலத்துக்குக் கேட்கிற கேள்வியை உங்கள் வாழ்வுக்கும் கேளுங்கள்.

அடுத்தமுறை யாராவது விதி என்றால், "எந்தக் கல்பம், யார் பார்த்தது?" என்று கேளுங்கள். கேட்டுவிட்டு மெஷினுக்குத் தடுப்பு கேட்கப் போங்கள். இவ்வளவுதான் நாம் சொல்ல வந்தது.